நாற்பது கல் குறைந்த தரை

கம்பைநல்லூர் பக்கம் பெரியண்ணன் கட்டிய வீட்டில், பால் காய்ச்சிய அன்று காலை நாற்பது சதுர அடி தரை காணாமல் போனது. பள்ளம் விழவில்லை, இடியவும் இல்லை. அந்த இடமே இல்லை, அவ்வளவுதான்.

பெரியண்ணன் தரைக்கல் பதிக்கிறவர். நாற்பது வயதுக்குமேல் எழுத்தும் கணக்கும் கற்றவர் என்பதால், தான் போட்ட கணக்கை யாரும் திருப்பிப் பார்த்தால் அவருக்குப் பொறுக்காது. பத்தடிக்குப் பத்தடி அறையை, அடுப்பு தென்கிழக்கே அக்கினி மூலையில்தான் இருக்க வேண்டும் என்று மனைவி சென்னம்மாள் சொன்னதால், கிழக்கே இரண்டடி, தெற்கே இரண்டடி நீட்டினார். பத்தைப் பத்தால் பெருக்கினால் நூறு, இரண்டை இரண்டால் பெருக்கினால் நான்கு. அரூர் போய் ஓரடிக் கல் நூற்று நான்கு வாங்கிவந்தார். நூறு முதலில் போட்ட அறைக்குச் சரியாக இருந்தது, நான்கு அடுப்பு மூலைக்குச் சரியாக இருந்தது. கிழக்கிலும் தெற்கிலும் பத்தடிக்கு இரண்டடியாக இரண்டு பட்டை வெறும் மண்ணாகக் கிடந்தன. சொந்தபந்தம் கூடி நிற்க, சென்னம்மாள் மூலையில் பாலை ஏற்றியிருக்க, ஒன்பதாவது படிக்கும் மைத்துனன் மகள் அமுதவல்லி வாயைத் திறந்தாள்.

"மாமா, ஏ பிளஸ் பி ஹோல் ஸ்கொயர்ல டூ ஏபி-ய வுட்டுட்டீங்களே?"

"அவரு யாரு? நாம அழைக்கவே இல்லியே. எங்கணக்கு நூத்திநாலு. ஒன்னும் கொறயில்ல."

சொல்லி வாய் மூடவில்லை, இரண்டு பட்டையும் போய்விட்டன. அடுப்பு மூலை ஒரே ஒரு முனையில் மட்டும் அறையைத் தொட்டுக்கொண்டிருந்தது. எறும்பால்தான் போக முடிந்தது. பால் பொங்கியது, வாங்க ஒரு கை எட்டவில்லை. கால் வைத்தவர்கள் வைத்த இடத்துக்கே திரும்பி வந்தார்கள். வீசிய தக்காளி போய்ச் சேரவில்லை. கம்பி சன்னல் வழியாக வெளியிலிருந்து வந்த அரிசியில் சென்னம்மாள் ஒன்பது நாள் அங்கேயே பொங்கித் தின்றாள். பெரியண்ணன் இந்தப் பக்கம் டீக்கடை பன்னில் காலம் தள்ளினார்.

ஒன்பதாம் நாள் அவள் கேட்டாள். "ஏங்க, பத்தும் பத்தும் பெருக்குனீங்க, ரெண்டும் ரெண்டும் பெருக்குனீங்க. பத்தயும் ரெண்டயும் பெருக்குனீங்களா?"

"அது வேற, இது வேற. எதுக்குப் பெருக்கணும்?"

"நீங்க வேற வூடு, நான் வேற வூடு. சேந்துதான குடித்தனம் பண்றோம்?"

பெரியண்ணன் கையிலிருந்த பன்னைக் கீழே வைத்தார். பிறகு பால் குடிக்க வந்து குடிக்காமல் போன அத்தனை பேரையும் திரும்ப அழைத்து, அவர்கள் முன்னால் சுவரில் கரியால் எழுதினார்: நூறு, பத்திரண்டு இருபது, இன்னொரு பத்திரண்டு இருபது, நான்கு.

"எங்கணக்கு தப்புங்க. டூ ஏபி-யயும் சேத்துக்கறேன்" என்றார்.

தரை வந்தது. அதில் தக்காளிச் செடிகள் முளைத்துக் காய்த்திருந்தன. சென்னம்மாள் வரும்போதே நாலு பறித்துக்கொண்டு வந்தாள்.

பழைய வெள்ளைக் கல் கடையில் தீர்ந்துவிட்டதால் அந்த நாற்பதும் பச்சைக் கல். இன்றைக்கும் அவர்கள் வீட்டுக்குப் போகிறவர்கள் பச்சையில் கால் வைக்கும் முன் "நாப்பது" என்று சொல்லிவிட்டு வைக்கிறார்கள், வாசலில் செருப்பைக் கழற்றுகிற மாதிரி.