ஃபிரிட்ஜுக்குள் பைக் சாவி

ஃபிரிட்ஜைத் திறந்ததும் அக்காவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீட்டிலேயே கேக் செய்து விற்பது அவள் பிழைப்பு. மாலையில் ஒருவர் வந்து வாங்கிப் போக வேண்டிய பிறந்தநாள் கேக், கிரீம் வழிந்து ஒரு பக்கமாகச் சரிந்து கிடந்தது. பக்கத்தில் தம்பியின் பைக் சாவி.

"டேய் டைரக்டர்!"

ஹாலிலிருந்து தம்பி ஓடிவந்தான். தானே கதை எழுதி, சொந்தக்காரர்கள் வீட்டிலேயே படம் எடுக்கும் பேர்வழி. எடுத்த இரண்டு படங்களும் வெளியே வரவில்லை, இது மூன்றாவது. வசனத்தோடு ஃபிரிட்ஜ் இரைச்சலும் பதிவாகிறது என்று காலையில் அவன்தான் அதை அணைத்தான். மறுபடி போட மறக்கக் கூடாதென்று சாவியை உள்ளே வைத்தான். சாவி இல்லாமல் கிளம்ப முடியாதல்லவா? டைரக்டர் கிளம்பும்வரை கேக் தாங்காது என்பது மட்டும் டைரக்டரின் மூளைக்கு எட்டவில்லை.

"கிளம்பும்போது கண்டிப்பா போட்டிருப்பேன்க்கா..."

"நீ என்னைக்குடா நேரத்துக்குக் கிளம்பியிருக்க? ஒரே நாள்னு சொல்லிட்டு வந்தவன், மாசக்கணக்கா ஞாயித்துக்கிழமையானா என் அடுப்படியில குடியிருக்க! என் வீட்டுக் கரண்டிய எடுக்க நான் கேமராமேன்கிட்ட பர்மிஷன் கேக்கணும். போதும்டா சாமி. மூட்டையக் கட்டு!"

வழக்கமாக இந்த இடத்தில் 'ஒரே ஒரு ஷாட்க்கா' என்று காலைப் பிடிப்பான். இன்றோ கேமராமேனைப் பார்த்து, "பேக் பண்ணிடுங்க" என்றான். நடிக்க வந்த பெண் மேக்கப்பைக் கலைக்கப் போனாள். அவன் துணியை எடுத்து, வழிந்த கிரீமைத் துடைக்க ஆரம்பித்தான்.

அக்காவுக்கு அதுதான் பொறுக்கவில்லை. மல்லுக்கு நிற்காத தம்பியை அவள் பார்த்ததே கிடையாது. பயமாகக்கூட இருந்தது.

"இன்னும் என்னடா பாக்கி?"

"கடைசி சீன் மட்டுந்தான். வேற வீட்ல எடுத்தா ஒட்டாது. விடுக்கா, இந்தப் படமும் அவ்வளவுதான்."

"என்ன சீன் அது?"

"எல்லாருக்கும் செஞ்சு செஞ்சு அலுத்துப்போனவ, அப்படியே போட்டது போட்டபடி வீட்டை விட்டுப் போயிடறா."

அக்கா அவன் கையிலிருந்த துணியைப் பிடுங்கினாள்.

"கேக் வாங்க வர்றவர்கிட்ட நான் வாங்கிக் கட்டிக்கறேன். அந்தப் பொண்ணக் கூப்பிடு. அவளாவது போகட்டும். எடுத்துத் தொலை."