கரண்டு வந்த பிறகு

கிழக்கு வெளுப்பதற்குள் புஷ்பவள்ளி மூன்று முறை அறுந்த நூலை முடிந்திருந்தாள், மூன்றும் தப்பு. சிவப்போடு பச்சையைச் சேர்த்துவிட்டு, லுங்கியில் கோடு ஓடிய பிறகுதான் உறைத்தது. எட்டு விசைத்தறிகள் அடித்த அடியில் அந்தக் குறிஞ்சிப்பாடிக் கொட்டகையின் தகரக் கூரை அதிர்ந்தது. பஞ்சுத் தூசி மூக்கை அடைத்தது. கண்ணுக்குள் மணல் அரைத்தது.

2012ஆம் வருஷம் கரண்டு தன் இஷ்டத்துக்கு வந்து தன் இஷ்டத்துக்குப் போனது. எப்போது வந்தாலும் தறி ஓட வேண்டும் என்று முதலாளி கலியமூர்த்தி சட்டம் போட்டார். எட்டுப் பேரும் தறியடியிலேயே படுத்தார்கள். சுவிட்சையும் தறியை ஓடவிடும் கைப்பிடியையும் போட்டபடியே விட்டுவிட்டுத் தூங்க வேண்டும் என்பதும் அவர் கண்டுபிடிப்புதான். கரண்டு வந்ததும் தறி தானாக ஓடும், அந்தச் சத்தத்தில் ஆளும் எழுந்துவிடும். என்ன ஒரு மூளை! அவர் வீட்டில் இன்வெர்ட்டர் இருந்தது, ராத்திரி முழுக்க ஃபேன் ஓடியது.

மூன்று மாதமாக இப்படித் துண்டு துண்டான தூக்கம். வீட்டுக்குப் போனால் குழம்பில் இரண்டு தடவை உப்புப் போட்டாள். ரேஷன் வரிசையில் நின்றபடியே தூங்கி முன்னால் நின்றவள்மேல் சாய்ந்தாள். ஒருநாள் மகளை எதற்கென்றே தெரியாமல் அறைந்துவிட்டு, அவளைவிட அதிகமாக இவள் அழுதாள்.

ஐந்தரைக்குக் கரண்டு போனது. பக்கத்துத் தறி தேவநாதன் நின்ற இடத்திலேயே சரிந்தான். வீட்டில் கைக்குழந்தை, அங்கும் அவனுக்குத் தூக்கமில்லை. அவன் மட்டும் பயந்துபோய்க் கைப்பிடியை எடுத்துவிட்டுத்தான் படுப்பான். கரண்டு வந்ததும் அலறியடித்து எழுந்து போடுவான். அதில் ஐந்து நிமிஷம் பிந்தினாலும் முதலாளியிடம் ஏச்சு.

"எழுப்பி வுடுக்கா" என்றான், பாதித் தூக்கத்தில்.

பாவம், கரண்டு வந்ததும் தறி தானே ஓடட்டும், இவன் இன்னும் கொஞ்சம் தூங்கட்டும் என்று புஷ்பவள்ளியே அவன் கைப்பிடியைப் போட்டுவிட்டு வந்து படுத்தாள். அவன் புரண்டு படுத்ததையும், பல்சக்கரத்தின்மேல் கை விழுந்ததையும் அவள் பார்க்கவில்லை. ஆறு மணிக்குக் கரண்டு வந்தது. தறிச் சத்தத்தையும் மீறி அவன் அலறல் கேட்டது. யாரோ ஓடிவந்து அந்தத் தறியின் சுவிட்சை அணைத்தார்கள்.

அவனைக் கடலூர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போன சலீமா பீவி பதினொரு மணிக்குத் திரும்பினாள். மூன்றாம் தறிக்காரி, அங்கே இருப்பவர்களில் மூத்தவள். மறுபடி கரண்டு போயிருந்தது. கலியமூர்த்தி வாசலில் நின்றார்.

"ரெண்டு வெரலு போச்சு" என்றாள். "எத்தினி மணி நேரம் தூக்கம்னு டாக்டரு அவன்கிட்ட கேட்டாரு. வுட்டு வுட்டு மூணு மணின்னான். ஒரே மூச்சா ஏழு மணி நேரமாச்சும் தூங்கலன்னா மனுசன் குடிச்சவன் மாதிரிதான் இருப்பான்னாரு."

"அதெல்லாம் இருக்கட்டும். அவன் கைப்பிடியப் போட்டது யாரு?" என்றார் கலியமூர்த்தி.

இந்த வேலையை விட்டால் புஷ்பவள்ளிக்கும் மகளுக்கும் வேறு கதியில்லை.

"நாந்தான் போட்டேன்."

"அப்ப நீ கெளம்பு. மத்தவங்க கரண்டு வந்ததும் ஓட்டுங்க, ஆர்டர் நிக்குது."

"போறேன் மொதலாளி. அந்தப் புள்ள வெரலு என் கையாலதான் போச்சு. சாவுற வரைக்கும் அது என்னை வுடாது. ஆனா, போட்டுட்டுப் படுங்கன்னு சொன்னது யாரு?"

"தறியத்தான போடச் சொன்னேன். கையை உள்ள வுடச் சொன்னேனா?"

சலீமா பீவி தன் தறிக்குப் போய்க் கைப்பிடியை எடுத்துவிட்டாள். அடுத்தவர் எடுத்தார், அதற்கடுத்தவரும். ஏழு தறிகளிலும் எடுத்த பிறகு, புஷ்பவள்ளி போய்த் தேவநாதன் தறிக் கைப்பிடியையும் எடுத்தாள். அதில் ரத்தம் காய்ந்து ஒட்டியிருந்தது.

"பத்துலேர்ந்து ஆறு வரைக்கும் ராத்திரில கொட்டாய் பூட்டியிருக்கணும்" என்றாள் சலீமா. "தேவநாதன் வைத்தியம் உங்க பொறுப்பு. புஷ்பா இங்கதான் இருப்பா. இதுக்கு நீங்க ஒத்துக்குற வரைக்கும் கரண்டு வந்தாலும் ஒண்ணுதான், வராட்டியும் ஒண்ணுதான்."

"பொழுது போறதுக்குள்ள வேற ஆளக் கொண்டாந்து ஓட்டுறேன், பாக்குறீங்களா?"

"கொண்டாங்க. அவுங்களுக்கும் தூக்கம் வரும் மொதலாளி."

அவர் போனைக் காதில் வைத்தபடி வெளியே போனார். ஆள் வந்தாலும் வரலாம், போலீஸ் வந்தாலும் வரலாம். வாசலில் மாறி மாறி ஒருவர் விழித்திருப்பது, மற்றவர்கள் படுப்பது என்று பேசிக்கொண்டார்கள்.

பன்னிரண்டரைக்குக் கரண்டு வந்தது. டியூப்லைட் இரண்டு தடவை மினுக்கி எரிந்தது. புஷ்பவள்ளி பதறி எழுந்து உட்கார்ந்தாள். ஒரு தறியும் அசையவில்லை. காதில் மட்டும் அந்த அலறல்.

"எனக்குத் தூக்கம் வராதுக்கா."

"படுடி. மொத மொறை நான் பாத்துக்குறேன்" என்று சலீமா பீவி வாசற்படியில் கால் நீட்டி உட்கார்ந்தாள்.

புஷ்பவள்ளி சேலைத் தலைப்பை முகத்தில் போட்டுக்கொண்டு படுத்தாள். கண்ணீர் காது வரை ஓடியது. துடைக்கக் கை எழவில்லை. சற்று நேரத்தில் அவள் மூச்சு சீரானது. கரண்டு போனது, மறுபடி வந்தது. அவளை யாரும் எழுப்பவில்லை.