முழக்கம் வாங்கிய ஒலியுண்ணி

நகரத்தலைவருக்கு ஊரார் வைத்த பெயர் முழக்கம். அவர் காதுபட யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. கூப்பிட்டிருந்தாலும், அவர் பேசிக்கொண்டிருப்பதால் காதில் விழுந்திருக்காது. ஒருமுறை புதிய கழிவுநீர்க் குழாயைத் திறந்துவைத்து அரைநாள் பேசினார். அவர் பேசி முடிப்பதற்குள் குழாய் அடைத்துக்கொண்டது.

அவர் பேசியதையெல்லாம் எழுதிக் கொடுத்தவள் அவருடைய மனைவியின் தங்கை. அவளை ஊரே பேனா என்றுதான் கூப்பிட்டது. அந்த வேலை அவளுக்குக் கிடைத்ததில் உறவுக்கு எந்தப் பங்கும் இல்லை என்று முழக்கம் பல மேடைகளில் சொல்லியிருக்கிறார். அந்த வரியை எழுதிக் கொடுத்ததும் அவள்தான்.

சபை மண்டபத்துக்குப் பின்னால், உடைந்த நாற்காலிகளைப் போட்டுவைக்கும் அறையில்தான் அவளுக்கு மேசை. சன்னலைத் திறந்தால் படகுத்துறை தெரியும். நீர்ப்பல்லிகள் வாலைச் சுழற்றிப் படகுகளை இழுத்துப் போகும். அக்கரைக்காரர்களுக்கு மருத்துவமனை, சந்தை எல்லாமே இக்கரையில்தான் என்பதால் துறையில் எப்போதும் கூட்டம். அதை இடித்துவிட்டுத் தனக்கு ஒரு நினைவுக் கோபுரம் எழுப்ப முழக்கம் முடிவு செய்திருந்தார். உயிரோடு இருப்பவருக்கு நினைவுக் கோபுரமா என்று கேட்டவர்களிடம், எல்லாம் ஒரு முன்னேற்பாடுதான் என்றார்.

தடையாக நின்றவர் சபையில் எதிர்வரிசையில் உட்காரும் படகுக்காரம்மா. நாலு வரிக்கு மேல் பேசமாட்டார். அந்த நாலு வரி போதும், முழக்கத்தின் அரைநாள் பேச்சு கரைந்து ஆற்றோடு போய்விடும்.

வாக்கெடுப்புக்கு முந்தின நாள் முழக்கம் ஒரு பெட்டியோடு பேனாவின் அறைக்கு வந்தார். உள்ளே கம்பளியில் சுற்றிய சாம்பல்நிறக் கல் இருந்தது, எலுமிச்சம்பழம் அளவுக்கு. ஒலியுண்ணி. இடி விழுந்தும் சத்தம் கேட்காத மலைச்சரிவில் மட்டும் கிடைப்பது. அதைத் தோண்டப் போனவன் குழியில் விழுந்தால் கூப்பிட்டுப் பயனில்லை என்பதால் அவ்வளவு அரிது. கல்லை விற்றவன் இன்னும் ஏதோ விளக்க வந்திருக்கிறான். முழக்கம் குறுக்கே பேசிவிட்டார்.

பேனாவை வாசலில் நிற்கவைத்துவிட்டு, கல்லை மேசைமேல் வைத்துப் பக்கத்தில் நின்று பேசிக் காட்டினார். வாய் அசைந்தது, கை வீசியது, கழுத்து நரம்பு புடைத்தது. சத்தம் மட்டும் வரவில்லை. தன் அக்காவை அவர் கட்டிக்கொண்ட நாளிலிருந்து பேனா அந்த முகத்தைப் பார்த்து வருகிறாள். அது பார்க்கும்படியான முகம்தான் என்று அன்றைக்குத்தான் அவளுக்குத் தோன்றியது.

கல்லை மறுபடியும் கம்பளியில் சுற்றி மூடிவிட்டுத் திட்டத்தைச் சொன்னார். படகுக்காரம்மாவின் நாற்காலிக்கு அடியில் அதைப் பொருத்தப்போகிறார்.

"இது தப்பு அத்தான்."

"தப்பா சரியான்னு நான் உன்கிட்ட கேக்கலம்மா. நாளைக்கு எனக்கு உரை வேணும். 'எதிர்த்தரப்பு மௌனமா சம்மதிச்சிருக்கு'ன்னு ஆரம்பி."

அவள் எழுதினாள். வேலை போய்விடும் என்ற பயம் ஒரு பக்கம், பழக்கதோஷம் ஒரு பக்கம். ஆரம்ப வரி அருமையாக வந்து விழுந்தது. அதுதான் அவளுக்குப் பொறுக்கவில்லை.

மறுநாள் மண்டபம் நிரம்பி வழிந்தது. படகுக்காரம்மா எழுந்து பேசினார். உதடுகள் அசைந்தன, அவ்வளவுதான். முன்வரிசையில் சிரிப்பு எழுந்தது. முழக்கம் காதுக்குப் பின்னால் கையைக் குவித்து, ஒன்றும் கேட்கவில்லையே என்று பாவனை காட்டினார். படகுக்காரம்மாவோ சபை வழக்கத்துக்கு மாறாக அமைதியாக இருக்கிறதே என்று நினைத்து, நிதானமாகப் பேசிக்கொண்டே போனார்.

எல்லாவற்றையும் கெடுத்தவர் விதைக்கடைக்காரர். காது மந்தமான உறுப்பினர். யார் பேசினாலும் எழுந்துபோய் அவர்கள் தோளுக்குப் பக்கத்தில் நிற்பது அவர் வழக்கம். அன்றும் போய் நின்றார். நின்றவர் முகம் மலர்ந்துவிட்டது. ஒலியுண்ணி தன் வட்டத்துக்குள் இருக்கும் சத்தத்தை வெளியே விடாது, வெளிச் சத்தத்தை உள்ளேயும் விடாது. வட்டத்துக்குள் நிற்பவர்களுக்கோ மூச்சு விடுவதுகூடத் தெளிவாகக் கேட்கும். முழக்கம் சொல்லவிடாமல் தடுத்த விளக்கம் இதுதான். விதைக்கடைக்காரர் பரபரவென்று கையாட்டி மற்றவர்களைக் கூப்பிட்டார்.

என்னவோ ஏதோ என்று முதலில் இரண்டு பேர் போனார்கள். போனவர்கள் திரும்பவில்லை. பிறகு வரிசை வரிசையாக எழுந்து போனார்கள். முழக்கம் மணியடித்தார். மேசையைத் தட்டினார். வட்டத்துக்குள் இருந்த யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எப்படித் திரும்புவார்கள், காதில் விழுந்தால்தானே?

பேனா உரைத்தாள்களை அவர் முன்னால் வைத்துவிட்டுத் தானும் போனாள். கூட்டத்துக்குள் கால் வைத்ததும், கதவைச் சாத்தியதுபோல் அத்தானின் குரல் நின்றுபோனது. படகுக்காரம்மா பெரிதாக ஒன்றும் பேசவில்லை. நடு ஆற்றில் படகிலேயே பிரசவித்த ஒரு பெண்ணைப் பற்றிச் சொன்னார். மூச்சு வாங்கிய ஒரு பெரியவரைக் கரை சேர்த்ததைச் சொன்னார்.

"கோபுரத்துல ஏறி அக்கரைக்குப் போக முடியும்னா கட்டிக்கட்டும்," என்று முடித்தவர், சுற்றிலும் பார்த்தார். "ஏன் எல்லாரும் இப்படி மேல வந்து விழறீங்க?"

பேனா முன்னால் வந்தாள். "உங்க நாற்காலிக்கு அடியில ஒலியுண்ணி இருக்கும்மா. வெளிய யாருக்கும் நீங்க பேசினது கேக்கல. அத்தான்தான் வெச்சார். எனக்கு நேத்தே தெரியும்."

விதைக்கடைக்காரர் குனிந்து தடவிப் பார்த்துத் தலையாட்டினார். வாக்கெடுப்பை அங்கேயே வைத்துக்கொள்ளலாம் என்றார். கோபுரத்துக்கு எதிராகக் கைகள் உயர்ந்தன, முழக்கத்தின் சொந்த ஆட்களின் கைகள் உட்பட. சரியாக அந்த நேரத்தில் முழக்கம் காலி நாற்காலிகளைப் பார்த்து, "எதிர்த்தரப்பு மௌனமாகச் சம்மதித்திருக்கிறது" என்று கம்பீரமாகத் தொடங்கினார். வேடிக்கை பார்க்க வந்தவர்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். அதைக் கைதட்டல் என்று எடுத்துக்கொண்டு, கடைசித் தாள்வரை படித்து முடித்தார்.

முழக்கம் பதவி விலகவில்லை. உறுப்பினர்கள் நெருங்கிப் பழகட்டும் என்றுதான் கல்லை வைத்ததாக அறிவித்தார். பேனாவைத்தான் விலக்கினார். கல் மருத்துவமனைக்குப் போயிற்று, தூக்கமில்லாத நோயாளிகளின் அறைக்கு.

அக்கா சண்டைக்கு வருவாள் என்று பேனா காத்திருந்தாள். வந்தவள் ஆற அமர உட்கார்ந்தாள்.

"உன் மேல அவருக்குப் பயங்கர கோவம்டி. வீட்ல யார்கிட்டயும் பேசறதில்ல."

"உனக்குக் கஷ்டமா இருக்காக்கா?"

"கஷ்டமா? கோவத்த ஆறவிடாம பாத்துக்கிட்டிருக்கேன்."

சில நாட்கள் கழித்துப் பேனா படகுத்துறைக்குப் போய் வேலை கேட்டாள். தனக்குப் பேச்சு எழுதித் தர ஆள் வேண்டாம் என்று படகுக்காரம்மா முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டு, பல்லிகளுக்குத் தீனி போடும் வேலையைக் கொடுத்தார். முதல் வாரத்திலேயே ஒரு பல்லி அவளுடைய எழுதும் விரலைப் பதம் பார்த்தது. படகுக்காரம்மா துணி சுற்றிக் கட்டிவிட்டு, வாளியை அவளுடைய இடது கைக்கு மாற்றிக் கொடுத்தார்.