ஷார்காவுக்கு எதிராக ஒரு செட்

...அவளே சொல்லட்டும், நான் ஏன் கேட்க வேண்டும், நான்கு வருஷமாகத் தினமும் காலையில் ஒருத்தி முகத்தில் ஒருத்தி விழிக்கிறோம், இதைப் போய் ஒரு பத்திரிகைக்காரன் சொல்லியா நான் தெரிந்துகொள்ள வேண்டும் என்று நினைத்துக்கொண்டே டிட்டா ஷூ நாடாவை இறுக்கினாள், போதவில்லை என்று அவிழ்த்து மறுபடி இறுக்கினாள். நேற்று சாயங்காலம் பிராகிலிருந்து போன் செய்த அந்த ஆள் எவ்வளவு சாதாரணமாகக் கேட்டான், உங்கள் கோச்சை அந்த டென்மார்க்காரி தனக்குக் கோச்சாகக் கூப்பிட்டிருக்கிறாளாமே, டென்னிஸில் உலகத்தில் ஏழாவது இடத்தில் இருக்கிறவள், நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று. என்ன நினைப்பது? சந்தோஷம் என்று சொல்லிப் போனை வைத்துவிட்டாள். அதன் பிறகு இரண்டு தட்டு உருளைக்கிழங்கு பிசைந்து சாப்பிட்டாள், பசியே இல்லாமல். இதோ, வலைக்கு அந்தப் பக்கம் என் கோச் ஷார்கா எப்போதும்போல் அந்தக் கிழிந்த நீல ஜெர்க்கினோடு பந்துக்கூடையை இழுத்துக்கொண்டு வருகிறாள், முகத்தில் ஒன்றும் இல்லை, அவள் முகத்தில் என்றைக்குத்தான் என்ன இருந்தது? குளிர்காலத்துக்காகச் செம்மண் தளத்தின் மேல் ஊதி நிறுத்தியிருக்கும் கூடாரத்துக்குள் விசிறிகள் இரைந்துகொண்டிருந்தன, வாய் திறந்தால் புகை வந்தது, ஆடத் தொடங்கினால் சரியாகிவிடும், எல்லாமே ஆடத் தொடங்கினால் சரியாகிவிடும் என்றுதானே முப்பத்து மூன்று வயது வரை ஓட்டியாகிவிட்டது. "மத்தோஷுக்குக் காய்ச்சலாம், இன்னைக்கு உன்னோட பயிற்சிக்கு ஆட ஆள் இல்லை" என்றாள் ஷார்கா, கூடையை ஓரமாக விட்டு, பையிலிருந்து தன் மட்டையை உருவினாள். "நானே ஆடறேன். ஒரு செட்." டிட்டா அந்த இரண்டு மணிக்கட்டுகளையும் பார்த்தாள். "கை?" என்றாள். "கை என் கவலை. நீ விட்டுக்கொடுத்து மட்டும் ஆடாதே, எனக்குக் கெட்ட கோபம் வரும்."

விட்டுக்கொடுப்பதா, யார், நானா, இவளுக்கா... ஆறு தடவை எதிரெதிராக நின்றிருக்கிறோம், ஆறு தடவையும் தோற்றவள் நான். பதினான்கு வயதில் ஜிலினாவில் முதல் தடவை, எனக்கு அப்பா வாங்கிக் கொடுத்த புதுப் பை, மூன்று மட்டைகள், அவளுக்கு ஒரே ஒரு மட்டை, அண்ணனுடைய அரைக்கால் சட்டையை இடுப்பில் கயிறு போட்டுக் கட்டிக்கொண்டு வந்து நின்றாள், அவள் அப்பா அவர்கள் ஊர் ஷும்பெர்க்கிலிருந்து பீர் வண்டியில்தான் அவளைக் கொண்டுவந்து இறக்கினார் என்று எல்லாப் பெண்களும் சிரித்தோம், நானும்தான். சிரிப்பு முக்கால் மணி நேரத்தில் அடங்கிவிட்டது. எப்படி அடித்தாள், அப்பா, அந்த இரண்டு கை பேக்ஹேண்ட், பந்து அவள் மட்டையில் பட்ட சத்தமே வேறு, கதவை ஓங்கிச் சாத்துகிற மாதிரி. அந்த பேக்ஹேண்டைத்தான் பத்தொன்பது வயதில் இடது மணிக்கட்டுக் காயம் தின்றுவிட்டது. ஒரு அறுவை சிகிச்சை, பிறகு இன்னொரு அறுவை சிகிச்சை, இனி இந்தக் கையால் மட்டையைப் பிடிக்கக் கூடாது என்று டாக்டர் சொன்னபோது, சரி, அப்போ ஒரு கைதானே போச்சு என்றாளாம். வேறு யாராக இருந்தாலும் வீட்டுக்குப் போயிருப்பார்கள், நான் போயிருப்பேன், சந்தேகமே இல்லை. இவள் ஒரு வருஷம் சுவரோடு ஆடினாள், ஷும்பெர்க் உடற்பயிற்சிக் கூடத்தின் பின்பக்கச் சுவர், ஒற்றைக் கையால் பந்தின் அடியை மட்டையால் சீவி அறுத்து அறுத்து அனுப்பக் கற்றுக்கொண்டு திரும்பி வந்தாள், பந்து தரையைத் தொட்டதும் எழும்பவே எழும்பாது, பாம்பு மாதிரி ஊர்ந்து போகும். அந்த ஆட்டத்தோடுதான் உலகத்தில் ஐம்பத்திரண்டாவது இடம் வரை போனாள். நான் முப்பத்தெட்டு வரை போயிருக்கிறேன், காகிதத்தில் நான்தான் பெரியவள், ஆனால் அவள் எதிரே நின்றாலே எனக்கு ஆட்டம் மறந்துவிடும்... இதோ, இப்போதும் வந்துவிட்டதே அந்தப் பாழாய்ப்போன அறுப்பு, குனி, இன்னும் குனி, கையை அவசரப்படுத்தாதே, என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு டிட்டா பந்தை வலையில் அடித்தாள். ஒன்று-மூன்று. கூடாரக் காவலர் ஹ்லோஷெக் கதவிடுக்கில் தலையை நீட்டினார். "என்ன பொண்ணுங்களா, ரெண்டு பேருக்கும் சண்டையா? ஆபீஸ் வரைக்கும் சத்தம் கேக்குது." "சண்டைதான்" என்றாள் ஷார்கா. "நீங்க உள்ள வந்து அடி வாங்காம ஹீட்டரைக் கொஞ்சம் கூட்டுங்க." "ஹீட்டரைக் கூட்டினா கமிட்டி என்னைக் குறைச்சிடும்மா" என்று சொல்லிவிட்டு அவர் தலையை இழுத்துக்கொண்டார்.

சிரித்தாள் அவள், அவர் போன பிறகும் சிரித்தாள், இப்படிச் சிரிக்கிறவள் ஒரு பெரிய விஷயத்தை மறைத்து வைத்திருப்பாளா? வைத்திருப்பாள், இவள் எதைத்தான் சொன்னாள், தேசிய அணி விஷயத்தைச் சொன்னாளா? அதுவும் நானாகக் கேட்டதுதான். மூன்று வருஷம் அணியில் பெயர் இருந்தது, மூன்று வருஷமும் மற்றவர்களுக்குப் பயிற்சிப் பந்து போட்டதோடு சரி, பெஞ்சில் உட்கார்ந்து கைதட்டினாள், தண்ணீர் எடுத்துக் கொடுத்தாள். ஒரு பிப்ரவரியில் ஒருத்திக்கு வயிற்றுப்போக்கு, வேறு ஆளில்லை, கடைசி இரட்டையர் ஆட்டத்துக்கு இவளை இறக்கினார்கள், அதுதான் முடிவு செய்கிற ஆட்டம். நான் அதை டிவியில் பார்த்தேன், என் அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றுகொண்டே பார்த்தாள். இவள் அறுத்தாள், அறுத்தாள், மூன்றாவது செட் முழுக்க அறுத்தே எதிரில் இருந்த இரண்டு பேரையும் பைத்தியமாக்கினாள். ஜெயித்த பிறகு எடுத்த படத்தில் இவள் ஓரத்தில் நிற்கிறாள், யாரோ ஆட்டிய கொடி பாதி முகத்தை மூடிவிட்டது. வருத்தமா இல்லையா என்று கேட்டேன். "எதுக்கு? மூடின பக்கத்துல பரு இருந்தது" என்றாள். அந்த ஆட்டத்துக்கு அடுத்த வருஷம் வலது மணிக்கட்டும் போனது. கடைசி ஆட்டம் எங்கோ பின்லாந்தில், தகுதிச் சுற்று, பார்க்க ஆளே இல்லை, முடிந்ததும் கைகொடுத்துவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு வந்துவிட்டாள், நேர்காணல் இல்லை, பூங்கொத்து இல்லை, அழுகை இல்லை, அடுத்த வாரமே இங்கே வந்து ஆறு வயதுக் குழந்தைகளுக்கு மெத்தென்ற பந்து போட ஆரம்பித்துவிட்டாள் என்று கேள்விப்பட்டபோது, எவ்வளவு நிம்மதியாக முடித்துக்கொண்டாள், ஆசையைச் சட்டை மாதிரி கழற்றி மாட்டிவிட்டாள் பார், நமக்கு ஏன் அது வரமாட்டேன் என்கிறது என்று பொறாமைப்பட்டேன். நான்கு-மூன்று. எப்படி வந்தது நான்கு-மூன்று? டிட்டா பெஞ்சில் உட்கார்ந்து துண்டால் கழுத்தைத் துடைத்தாள். பக்கத்தில் ஷார்கா தெர்மாஸிலிருந்து எலுமிச்சைத் தேநீரை மூடியில் ஊற்றி நீட்டினாள். வாங்கிக்கொள்ளும்போதே வாயிலிருந்து வந்துவிட்டது.

"எப்போ சொல்லறதா இருந்தே?"

ஷார்கா தெர்மாஸை மூடினாள். "யார் சொன்னா?"

"பத்திரிகைக்காரன்."

"அவனுங்களுக்கு எங்கிருந்துதான் தெரியுதோ. ஞாயித்துக்கிழமைக்குள்ள பதில் சொல்லணும். உனக்கு அடுத்த வாரம் மேட்ச், அதான் சொல்லலை."

"என்ன பதில் சொல்லப் போறே?"

"தெரியலைடி. நிஜமாவே தெரியலை." எழுந்துகொண்டாள். "எந்திரி, உடம்பு ஆறிப் போகுது. சர்வ் உன்னுது."

தெரியவில்லையாம்... பொய் சொல்கிறவள் இல்லை, தெரியவில்லை என்றால் தெரியவில்லைதான், அதுதான் இன்னும் பயமாக இருக்கிறது. போகாமல் இருக்க அவளுக்கு என்ன காரணம்? அந்தப் பக்கம் உலகத்தின் ஏழாவது ஆட்டக்காரி, பெரிய பெரிய மைதானங்கள், இந்தப் பக்கம் நான், இருநூற்றுச் சொச்சம், எத்தனை வருஷம் ஆடுவேன், ஒன்றா, இரண்டா? முதல் நாளே கேட்டேன், நானூற்று எண்பதுக்கு விழுந்து கிடந்த சமயம், இருந்த கோச்சும் விட்டுப் போய்விட்டான், வெட்கத்தை விட்டு இவளுக்கு போன் செய்தேன். என்னை ஏன் எடுத்துக்கிறே, நான் முடிஞ்சு போனவ என்றேன். "உன்னைத் தோக்கடிக்கிறதுக்காக எவ்வளவு ராத்திரி உன்னைப் படிச்சிருக்கேன் தெரியுமா" என்றாள், "அவ்வளவும் எனக்குள்ள சும்மா கிடக்கு, எடுத்துக்கோ." எடுத்துக்கொண்டேன். என் இரண்டாவது சர்வ் எங்கே போகும் என்று எனக்கே தெரியாதபோது அவளுக்குத் தெரிந்திருந்தது, பயந்தால் நான் இடது காலைப் பின்னால் வைப்பேன் என்று தெரிந்திருந்தது, நான் முன்னால் இருக்கும்போதுதான் அதிகம் பயப்படுகிறேன் என்பதும். ஆறு தோல்விகளுக்கும் காரணத்தை ஒவ்வொன்றாக என் கையில் கொடுத்தாள், தன் ஆயுதத்தையே பிரித்துக் காட்டுகிற மாதிரி, இந்த இடத்தில் இப்படி அடித்தால் நீ காலி, அதனால் இந்த இடத்தில் நிற்காதே. எந்த ஆட்டக்காரி செய்வாள் இதை? நான் செய்வேனா? ஐந்து-நான்கு. பந்தைத் தட்டிக்கொண்டே டிட்டா நின்றாள், முன்னால் இருக்கிறேன், இடது கால் பின்னால் போகிறது, கொண்டு வா முன்னால், அதைச் சொல்லிக் கொடுத்தவள் எதிரில் நின்று அதையேதான் பார்த்துக்கொண்டிருக்கிறாள், மட்டையைச் சுழற்றிக்கொண்டு, பின்காலால் செம்மண்ணைத் தேய்த்துக்கொண்டு. அடித்தாள். நல்ல சர்வ். இன்னொன்று, மூன்றாவதும் உள்ளே. பிறகு ஒன்று வெளியே. பிறகு கடைசிப் புள்ளிக்கு நீளமான ஒரு இழுபறி, அறுப்பு, அறுப்பு, குனிந்து எடுத்தாள், மறுபடி அறுப்பு, மறுபடி குனிந்து எடுத்தாள், தொடை எரிந்தது, இப்போது ஓடிவராதே, காத்திரு, அவள் பொறுமை இழப்பாள் என்று ஒருபோதும் நினைக்காதே என்று அவளேதான் சொல்லியிருக்கிறாள், ஆனால்... ஷார்கா பந்தை வலைக்குப் பக்கத்தில் மெல்லத் தட்டிப் போட்டாள், கொஞ்சம் உயரமாக. டிட்டா ஓடிப் போய் அதைக் காலியான மூலைக்குத் தள்ளினாள். முடிந்தது. ஆறு-நான்கு.

கையைத் தூக்கலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே நிமிர்ந்தவள் ஷார்காவின் முகத்தைப் பார்த்துவிட்டாள். ஒரு நொடிதான் இருக்கும். தோற்றவளின் முகம். உதட்டைக் கடித்துக்கொண்டு, கண் இரண்டும் சிவந்து, அந்தப் பந்து போன மூலையைக் கொன்றுவிடுவது போல் பார்த்துக்கொண்டு நின்றாள், மட்டைப் பிடியில் விரல் முட்டிகள் வெளுத்திருந்தன, ஜிலினாவில் இடுப்பில் கயிறு கட்டி நின்றவளுக்கும் இந்த முகம்தான், வயசு ஆகவே இல்லை இந்த முகத்துக்கு. பிறகு அது போய்விட்டது. யாரோ உள்ளேயிருந்து இழுத்து மூடியதுபோல் போய்விட்டது, கோச் ஷார்கா வலைக்கு நடந்து வந்து கை நீட்டினாள், "கடைசி கேம்ல கால் முன்னாடி வந்தது, பாத்தேன். நல்லா இருந்தது" என்றாள். அந்தக் கை சூடாக இருந்தது, மணிக்கட்டு வீங்கத் தொடங்கியிருந்தது. அப்படியானால் ஆசையைக் கழற்றி மாட்டவில்லையா? எதையும் முடித்துக்கொள்ளவில்லையா நீ? இவ்வளவையும் உள்ளே வைத்துக்கொண்டா தினமும் காலையில் கூடையை இழுத்துக்கொண்டு வந்தாய், அந்தக் குழந்தைகளுக்குப் பந்து பொறுக்கினாய், என் காலைப் பார்த்துக்கொண்டு நின்றாய், ஒவ்வொரு நாளும் அதைக் கழுத்தைப் பிடித்து உட்கார வைத்துவிட்டுத்தான் எனக்குப் பந்து போட்டாயா... ஏழாவது இடத்துக்காரியிடம் போனாலும் இப்படித்தானே, ஆயிரம் பேருக்கு நடுவே நாற்காலியில் கை கட்டி உட்கார்ந்துகொண்டு, உள்ளே இது எரிந்துகொண்டு. போகாதே என்று சொல்லத்தான் காலையிலிருந்து வார்த்தை தேடிக்கொண்டிருந்தாள் டிட்டா. இப்போது அந்த வார்த்தையை யாரிடம் சொல்வது, கோச்சிடமா, அந்த முகத்துக்காரியிடமா என்றே தெரியவில்லை.

"இன்னொரு செட்?" என்றாள் ஷார்கா.

"கை வீங்குது, ஷார்கா."

"பாத்தேன். ஒரு செட்தான்."

கேட்பது கோச் இல்லை. நான்கு வருஷத்தில் அவள் தனக்கென்று கேட்டது இதுதான் முதல் தடவை என்று டிட்டாவுக்குத் தோன்றியது, கொடுப்பது நல்லதா, மறுப்பது நல்லதா, அந்த மணிக்கட்டின் மேல் அக்கறை உள்ளவள் எதைச் செய்வாள், இவளைத் தெரிந்தவள் எதைச் செய்வாள்... பாக்கெட்டிலிருந்து பந்தை எடுத்து வலைக்கு மேல் அவளிடம் எறிந்தாள், ஷார்கா அதை வலது கையால் பிடித்து, வலியில் முகம் சுளித்து, சர்வ் போடப் பின்கோட்டுக்கு ஓட்டமும் நடையுமாகப் போனாள்.