பட்டியலில் நாலாவது பெயர்

ஆறு பேர் சேர்ந்தால்தான் நடை, குறைந்தால் ரத்து என்று அந்த வலைத்தளத்தில் சிவப்பு எழுத்தில் போட்டிருந்தது. திருப்பதியின் பழைய கடைத்தெருக்களைத் தமிழில் கதை சொல்லிக்கொண்டே சுற்றிக் காட்டும் ஒன்றரை மணி நேர நடை. அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு இரண்டே பேர் பதிவு செய்திருந்தார்கள். நகரியில் தன் விசைத்தறிக் கொட்டகை வாசலில் உட்கார்ந்திருந்த மாசிலாமணி, ஒரு கையில் டீயும் ஒரு கையில் போனுமாக, மிச்சம் நாலு பேரையும் தானே உண்டாக்கிவிட்டான். பிரம்மாவுக்குக்கூட அத்தனை சுருக்காக வேலை நடக்காது.

தன் பெயரைப் போடவில்லை. போட்டிருந்தால் வழிகாட்டி மோகனப்ரியா அன்றைக்கு வேறு ஆளை அனுப்பியிருப்பாள். அவள் அவனுடைய மனைவி. எட்டு மாதமாகத் திருப்பதியில் ஒரு ஹாஸ்டலில் இருக்கிறாள். ஆகவே அவன் பக்கத்துக் கொட்டகை நாகபூஷணம் ஆனான். அடுத்து, டீக்கடை ரத்னம்மா, வயது அறுபது. அதற்கடுத்து, லைன்மேன் சிவசங்கரன், நாற்பது. நாலாவது கட்டத்தை விரல் தானாக நிரப்பியது. என்ன அடித்தோம் என்று திரும்பிப் பார்க்காமல் அனுப்பிவிட்டு டீயைக் குடித்தான். ஆபீசில் தலையைத்தான் எண்ணுவார்கள், பேரையா படிக்கப்போகிறார்கள் என்பது அவன் கணக்கு. நூல் எண்ணிக்கை தவிர அவன் போட்ட எந்தக் கணக்கும் இதுவரை சரியாக வந்ததில்லை.

ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு, நாலுகால் மண்டபத்தின் நிழலில், மஞ்சள் குடையை உயர்த்திப் பிடித்துக்கொண்டு மோகனப்ரியா நின்றிருந்தாள். கூட்டத்தில் ஆள் தொலையாமல் இருக்க வழிகாட்டிகள் பிடிக்கும் குடை. கழுத்தில் அடையாள அட்டை. அவனைப் பார்த்தாள். கரண்ட் போய் வந்தால் பல்பு ஒரு முறை கண் சிமிட்டுமே, அவ்வளவுதான் அவள் முகத்தில் நடந்தது.

"எல்லாருக்கும் வணக்கம். பேர் படிக்கிறேன், கை தூக்குங்க," என்றாள். நகரிப் பேச்சைத் துடைத்து எடுத்த, டிவிக்காரர்கள் பேசுகிற மாதிரியான தமிழ். "சுரேஷ்பாபு, துர்காதேவி?"

சென்னை பெரம்பூரிலிருந்து வந்திருந்த ரிட்டயரான தம்பதி கை தூக்கினார்கள்.

"நாகபூஷணம்?"

மாசிலாமணி கை தூக்கினான். மூன்றாம் வகுப்புக்குப் பிறகு அன்றுதான் தூக்கினான்.

"ரத்னம்மா?"

"வந்துகினு இருக்காங்க."

"சிவசங்கரன்?"

"எங்கனா கம்பத்துல ஏறிக்கினு இருப்பாரு, மேடம்."

துர்காதேவி சிரித்தார். மோகனப்ரியா அடுத்த பெயருக்காகப் போனை மேலே தள்ளினாள். கட்டைவிரல் கண்ணாடி மேல் அப்படியே நின்றது. அவள் படிக்கவில்லை. எவ்வளவு நேரம் என்று அவனுக்குச் சொல்லத் தெரியாது. ஒரு ஆட்டோ ஹாரன் அடித்துக்கொண்டு போய்த் திரும்பி வந்த மாதிரி இருந்தது. அப்போதுதான் நாலாவது கட்டத்தில் தான் என்ன அடித்தோம் என்பது அவனுக்கு ஞாபகம் வந்தது.

தருண், வயது 2.

இதே ஊரில், ஒரு ஆஸ்பத்திரியின் கண்ணாடிப் பெட்டிக்குள் அவர்கள் மகன் தருண் நாலு நாள் இருந்தான். ஏழாம் மாதத்தில் பிறந்துவிட்டான். மூன்றாம் நாள் ஏதோ பாரத்துக்குப் பெயர் வேண்டும் என்று நர்ஸ் கேட்டபோது இருவரும் வாசலில் நின்றபடியே வைத்த பெயர். அந்த நாலு நாளும் மாசிலாமணி வார்டையே சிரிக்க வைத்தான். நர்ஸ், வாட்ச்மேன், பக்கத்துக் கட்டில்காரியின் மாமியார் என்று ஒருவரையும் விடவில்லை. ஐந்தாம் நாள் உடலை வாங்கக் கையெழுத்துப் போடும்போதும், பேனா எழுதவில்லை என்று ஒரு ஜோக் சொன்னான். நல்ல தைரியசாலி என்றார்கள். தைரியமெல்லாம் இல்லை. உட்கார்ந்து உட்கார்ந்து கால் மரத்துப்போகுமே, அந்த மாதிரி உள்ளே ஏதோ மரத்துவிட்டது. கால் என்றால் உதறலாம். இதை எதைப் பிடித்து உதறுவது?

தருண் இருந்திருந்தால் இப்போது இரண்டு வயது. அதை விரல் கணக்குப் போட்டு வைத்திருந்திருக்கிறது, அவனைக் கேட்காமல்.

"பதிவு பண்ணவங்களுக்காக இருபது நிமிஷம் காத்திருக்கணும்," என்றாள் மோகனப்ரியா, பெரம்பூர்க்காரர்களைப் பார்த்து. "எங்க ரூல் அது."

காத்திருந்தார்கள். வெயில் ஏறியது. சுரேஷ்பாபு வாட்சைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார், கடைசியில் மாசிலாமணியைப் பார்த்தார். "போன் போட்டுப் பாருங்களேன் சார், எங்க இருக்காங்கன்னு."

மாசிலாமணிக்கு அதற்கும் ஒரு பதில் நாக்கு நுனியில் இருந்தது. ஆனால் அவள் கட்டைவிரல் இன்னும் போன் கண்ணாடி மேலேயே நிற்பதைப் பார்த்துவிட்டான்.

"அவங்க வரமாட்டாங்க, மேடம்."

"மூணு பேருமா?"

"மூணு பேரும்."

"சரி, போலாம்," என்றாள்.

நடுவில் கோவிந்தராஜர் கோயிலுக்குள் போக வேண்டியிருப்பதால் செருப்பை மண்டபத்துக்கு எதிர்க்கடையிலேயே விடச் சொன்னாள். கடைக்காரரிடம் தெலுங்கில் ஏதோ சொன்னாள். அவர் சிரித்துக்கொண்டே மூன்று ஜோடியையும் பலகைக்கு அடியில் தள்ளினார். "கேள்வியெல்லாம் கடைசில கேளுங்க. நடக்கும்போது கேட்டா எனக்குக் கதை விட்டுப்போயிடும்."

மாசிலாமணி கொண்டு வந்திருந்தது ஒரே ஒரு கேள்வி. வருவியா, மாட்டியா? எட்டு மாதமாக அதை எல்லோரிடமும் கேட்டுவிட்டான். அவள் அண்ணன் பிரவீன், "பாக்கலாம் மச்சான்" என்றான். மாமியார், "மொதல்ல துன்னு, அப்பறம் பேசலாம்" என்றாள். அவளிடம் போனில் கேட்டால், "சீசன் முடியட்டும்" என்றாள். திருப்பதியில் சீசன் என்றைக்கு முடிந்தது? உலகம் முடிந்தாலும் அன்றைக்கு மொட்டை அடிக்க வரிசையில் ஆள் நிற்கும்.

பாத்திரக் கடைகள், வளையல் கடைகள், மரப்பொம்மைக் கடைகள். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம். சந்தனம் பூசிய மொட்டைத் தலைகள் வெயிலில் மஞ்சள் மஞ்சளாய் மினுங்கின. மோகனப்ரியா குடையைத் தூக்கிக்கொண்டு முன்னே போனாள். பூக்கடையில் ஒரு முழம் எப்படி அளக்கிறார்கள், எந்தக் கடைக்காரர் எத்தனை மொழியில் பேரம் பேசுவார், எந்தச் சந்தில் புகுந்தால் எந்தச் சந்தில் வெளியே வரலாம் என்று எல்லாம் சொன்னாள். நன்றாகச் சொன்னாள். மோட்டார் சைக்கிள் குறுக்கே வந்தால் பேச்சை நிறுத்தி, அது போனதும் விட்ட சொல்லிலிருந்தே எடுத்தாள். நகரியில் வீட்டுக்கு ஆள் வந்தால் அடுப்படியை விட்டு வெளியே வராத ப்ரியாவா இது என்று அவன் வியந்திருக்க வேண்டும். வியப்பும் மரத்துத்தான் கிடந்தது.

கோயிலுக்குள், நெல் அளக்கும் மரக்காலைத் தலைக்கு வைத்துப் படுத்திருக்கும் பெருமாளைப் பார்த்துவிட்டு வெளியே வந்ததும் அவள் சொன்னாள்: "மலை மேல நிக்கிறவரு பாவம், அவரைப் பாக்க வர்றவங்கள ஜருகண்டி ஜருகண்டின்னு தள்ளிடுவாங்க. இவரு புத்திசாலி. படுத்துட்டாரு. தூங்கறவரு எதிர்ல யாரும் சத்தம் போட மாட்டாங்கல்ல?"

சுரேஷ்பாபு விழுந்து விழுந்து சிரித்தார். துர்காதேவி, "நல்லாப் பேசற கண்ணு" என்று அவள் கையைத் தட்டிக்கொடுத்தார்.

அது மாசிலாமணியின் ஜோக். கல்யாணம் ஆன புதிதில் இதே வாசலில் நின்று அவன் சொன்னது. அன்றைக்கு அவளும் இப்படித்தான் சிரித்தாள். தன் ஜோக்குக்குத் தானே சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் அவன் தலையை மட்டும் ஆட்டினான்.

மாடவீதியில் தென்னை நார் விரிப்பை நனைத்துப் போட்டிருந்தார்கள். பெரம்பூர்த் தம்பதி அதன் மேல் வரிசையாக நடந்தார்கள். விரிப்பு அறுந்த இடத்தில் தண்டவாளம் தாண்டுகிற மாதிரி குதித்தார்கள். மாசிலாமணி விரிப்புக்கு வெளியே கல் மேல் நடந்துகொண்டிருந்தான்.

"சுடலையா சார் உங்களுக்கு?" என்றார் சுரேஷ்பாபு.

"தறிக்காரன் கால் சார். நெருப்பு வச்சா நெருப்புதான் அணைஞ்சுபூடும்."

முன்னால் போன மோகனப்ரியா திரும்பி அவன் பாதங்களைப் பார்த்தாள். குடையை உயர்த்திக்கொண்டு நடந்தாள்.

வளையல் கடை வாசலில், மற்ற இருவரும் உள்ளே பேரம் பேசிக்கொண்டிருந்த நேரம் பார்த்து அவள் பக்கத்தில் போய் நின்றான்.

"ப்ரியா, ஒரு கேள்வி."

"கடைசில கேளுங்க சார்."

"சாரா?"

"பட்டியல்ல நாகபூஷணம்னு இருக்கு. அவர எனக்குத் தெரியும். பக்கத்துக் கொட்டகைக்காரரு. மரியாதையாத்தான் பேசணும்." பிறகு குரலைத் தாழ்த்தினாள். "அந்தப் பேர ஏன் போட்ட?"

"தெரில. வெரலு போட்டுடுச்சு. வெரலுக்கு அறிவு எங்க கீது, நம்ம குடும்பத்துல தலைக்கே இல்ல."

அவள் அவனைப் பார்த்தாள். கேட்டதற்கு ஜோக் இல்லாமல் ஒரு பதில் வருமா என்று எட்டு வருடமாகப் பார்த்துச் சலித்த பார்வை. பிறகு கடைக்குள் போய், துர்காதேவிக்காகத் தெலுங்கில் பேரம் பேச ஆரம்பித்தாள்.

நடை புஷ்கரணியில் முடிகிற ஏற்பாடு. மோகனப்ரியா தெருவைத் தாண்டிக் குளத்தின் கம்பி வேலி ஓரம் போய் நின்றாள். மூவரும் பின்னால் போவதற்குள் குறுக்கே ஒரு கல்யாண ஊர்வலம் வந்துவிட்டது. நாதஸ்வரம், இரண்டு தவில், அது போதாதென்று ஒரு பேண்டு செட். தெருவின் அந்தப் பக்கம் அவள். இந்தப் பக்கம் இவர்கள். நடுவில் யாருடைய சந்தோஷமோ நகராமல் நின்று ஆடிக்கொண்டிருந்தது.

"மேடம், கேள்வி நேரம் ஆரம்பிச்சாச்சா?" என்று சுரேஷ்பாபு கத்தினார். "ஒண்ணும் கேக்கலையே."

மாசிலாமணிக்குக் கேட்க வேண்டியதில்லை. எட்டு விசைத்தறி ஓடும் கொட்டகைக்குள் காது எதற்கும் உதவாது. தறிக்காரர்கள் உதட்டைப் பார்த்துப் பேசுவார்கள். மோகனப்ரியாவும் தறிக்கொட்டகையில் வளர்ந்தவள். பெண் பார்க்கப் போன அன்றைக்கு, அவள் அப்பாவின் கொட்டகையில் தறிகளுக்கு அந்தப் பக்கம் நின்று, "சம்மதமா?" என்று அவன் உதட்டால் கேட்டான். அவள் உதட்டால் "சம்மதம்" என்றாள். வெளியே காபி குடித்துக்கொண்டிருந்த பெரியவர்களுக்கு அரை மணி நேரம் கழித்துத்தான் தெரிந்தது. உதட்டுப் பேச்சுக்கு ஒரு குணம் உண்டு. அதில் குரல் இல்லை, இழுப்பு இல்லை, நக்கல் நிற்காது. வெறும் சொல்தான் போய்ச் சேரும். கொட்டகைக்குள் அவன் ஜோக் சொல்லி ஒருவரும் சிரித்ததில்லை.

அவள் அவனைப் பார்த்தாள். உதடு அசைந்தது.

"கேளு."

"வருவியா, மாட்டியா?" என்றான், சத்தமில்லாமல்.

பேண்டுக்காரர்கள் வேறு பாட்டுக்கு மாறினார்கள். அவள் கண்ணைத் தாழ்த்தி ஆடுகிறவர்களின் கால்களுக்கு இடையே அவன் பாதங்களைத் தேடினாள்.

"கால் சுடலையா?"

தறிக்காரன் கால் என்று சொல்ல வாயெடுத்தான். அந்தச் சத்தத்தில் அதை எப்படிச் சொல்வது? உதட்டில் வைத்துப் பார்த்தான், நிற்கவில்லை. வேறு ஒன்றைத் தேடினான். ஒன்றும் வரவில்லை. கீழே பார்த்தான். தார் ரோட்டில் நின்றிருந்தான். பாதங்களை மாற்றி மாற்றித் தூக்கிப் பார்த்தான். இரண்டு பெருவிரலுக்கு அடியிலும் தோல் சிவந்து, வலது காலில் கொப்புளமே எழும்பியிருந்தது. எப்போது எழும்பியது என்று தெரியவில்லை. பார்த்தபின்தான் எரிச்சல் வந்தது. முதலில் குதிகால், பிறகு பாதம் முழுக்க, பிறகு முழங்கால் வரைக்கும்.

"சுடுது," என்றான்.

"நெறயவா?"

"நெறய."

"தருணுக்காகவும் இப்படிச் சுட்டுச்சா?"

அவன் உதடு இரண்டு முறை திறந்து மூடியது. மூன்றாவது முறை, "சுட்டுச்சு. இன்னும் சுடுது," என்றான்.

"இன்னா சார் சொல்றாங்க? உங்களுக்குப் புரியுதா?" என்று சுரேஷ்பாபு அவன் தோளைத் தொட்டார்.

மோகனப்ரியா கண்ணைத் துடைத்துக்கொள்ளவில்லை, அப்படியே விட்டாள். குடையை மடக்கினாள். வெயில் நேராக முகத்தில் விழுந்தது. உதடு நன்றாகத் தெரிந்தது. அவசரப்படாமல், தறியில் அறுந்த பாவு நூலை ஒவ்வொன்றாக முடிச்சுப் போடுவது போல, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னாள்.

"இத அன்னிக்கு வார்டுலயே சொல்லியிருக்கணும். வரமாட்டேன் மாமா. சீசன் முடிஞ்சாலும் வரமாட்டேன். எனக்காகக் காத்துக்கினு இருக்காத."