சாட்சியத்தின் சாரம்

"வாயைத் திறந்து வேண்டாம்னு சொன்னீங்களா?" எதிர்த்தரப்பு வக்கீல் தேனொழுகக் கேட்டார்.

"குரலே வரல சார். அவர் கையைப் புடிச்சுத் தள்ளினேன். மறுபடி வந்துச்சு, மறுபடியும் தள்ளினேன்."

நீதிபதி தட்டச்சர் பக்கம் திரும்பினார். "நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. எழுதியாச்சா? அடுத்தது."

அந்த நீதிமன்றத்தின் வழக்கம் அது. கேள்வியை எழுதமாட்டார்கள். கேள்வியையும் பதிலையும் சேர்த்துப் பிசைந்து நீதிபதி ஒரே வாக்கியமாகச் சொல்வார்; அது சாட்சியே சொன்னதாகப் பதிவாகும். நல்ல வழக்கம். பேசுவது அவர், பழி சாட்சி சொல்பவள் தலையில்.

அவள் பரிசோதனை நிலையமொன்றில் ரத்தம் எடுப்பவள். குற்றவாளிக் கூண்டில் நிற்பவன் அதன் முதலாளி, கதவைச் சாத்திவிட்டு அவளைப் பலாத்காரம் செய்தவன். ஊசியைக் கண்டு யாராவது கையை இழுத்துக்கொண்டால் அவள் அங்கேயே நிறுத்திவிடுவாள். வாய்விட்டுச் சொன்னால்தான் ஆயிற்று என்று எந்த மடையனும் அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததில்லை. இங்கே காலையிலிருந்து அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

விசாரணை முடிந்ததும் தட்டச்சர் காகிதத்தை நீட்டினார். படித்தாள். கத்தவில்லை, ஓடவில்லை, வேண்டாம் என்று சொல்லவில்லை. தள்ளியது மட்டும் எங்கேயும் இல்லை. இதில் கையெழுத்துப் போட்டால் அவன் சிரித்துக்கொண்டே வீட்டுக்குப் போவான்.

"ஐயா, நான் தள்ளினதை விட்டுட்டீங்க."

"சாரம் வந்துடுச்சும்மா," என்றார் நீதிபதி. "சொன்னீங்களான்னு கேட்டாரு, இல்லைன்னீங்க. வளவளன்னு எழுதிட்டிருக்க முடியாது. கையெழுத்துப் போடுங்க."

பின்வரிசையிலிருந்து அவளுடைய அக்கா கிசுகிசுத்தாள். "போட்டுத் தொலைடி, வீட்டுக்குப் போகலாம்." வருஷக்கணக்காகத் தங்கையோடு கோர்ட் வாசலில் காய்ந்தவள் அவள், அவளைச் சொல்லிக் குற்றமில்லை.

தங்கை பேனாவைத் தொடவில்லை. வாயையும் திறக்கவில்லை. காகிதத்தைத் தள்ளினாள். தட்டச்சர் அதைத் திரும்ப அவள் பக்கம் நகர்த்தினார். திரும்பவும் தள்ளினாள்.

நீதிபதிக்கு மூக்குக்குமேல் கோபம் வந்தது. "சாட்சி கையெழுத்திட மறுத்துவிட்டார்னு எழுதுங்க."

"எழுதுங்க," என்றாள் அவள். "நான் வாயே திறக்கலையே ஐயா. ரெண்டு தரம் தள்ளினேன், அவ்வளவுதான். மறுத்துட்டேன்னு உங்களுக்கு எப்படிப் புரிஞ்சுது?"

தட்டச்சர் அடுத்த வாக்கியத்துக்காக நீதிபதியின் முகத்தைப் பார்த்தார்.