பறந்தவனுக்குப் பெர்மிட் இல்லை

ஒரகடத்துக் கம்பெனி ஒன்றில் புது ஷெட்டுக்குப் பள்ளம் தோண்டியபோது செப்புப் பெட்டி ஒன்று அகப்பட்டது. உள்ளே, பறக்கவும் இறங்கவும் மந்திரம் சொல்லும் ககன சித்தரின் ஓலைச்சுவடி. அதில் ஓர் ஓலை சூப்பர்வைசர் மேசையில் கிடந்தது. சாப்பாட்டு நேரத்தில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் தாண்டவராயன் அதைச் சத்தமாகப் படித்தான். படித்து முடிப்பதற்குள் தயிர்சாத டப்பாவோடு விர்ரென்று மேலே போய், கூரையில் தலை இடித்து நின்றான்.

பிறவிப் பயனை அடைந்துவிட்ட பூரிப்பில் அவனுக்குக் கண் கலங்கியது.

கீழே சேஃப்டி ஆபீசர் மோகனப்ரியா இடுப்பில் கைவைத்து நின்றாள். "அண்ணா, உயரத்துல ஏற பெர்மிட் வாங்குனீங்களா? பெல்ட் எங்க?"

"மேடம், நான் பறந்துகினு கீறேன்!"

"அதான் கேக்கறேன், யாரு சைன் பண்ணாங்க?"

அவனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "நான் எறங்கிடறேன் தாயே! எறங்குற ஓலைய எடுத்துப் படிங்க."

"ஆடிட் வருதுன்னு காலையிலதான் மத்த ஓலையெல்லாம் ஸ்கிராப்ல போட்டோம். சாம்பிளுக்கு ஒண்ணுதான் வெச்சோம்."

சூப்பர்வைசர் விஜயராகவன் வந்து அண்ணாந்து பார்த்தார். வெகுநேரம் யோசித்தார். பிறகு ஒரு பெல்ட்டை மேலே வீசினார்.

"புடி, மாட்டிக்கோ. சும்மாதானே கீற? அந்த ட்யூப் லைட்டெல்லாம் மாத்திடு."